ரோஜே காரெல்: ஒரு பிரெஞ்சு நடிகர், பல நூறு குரல்கள் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த ரோஜே காரெல்?

பிரெஞ்சு நாடக நடிகர், திரைப்பட நடிகர், எல்லாவற்றுக்கும் மேலாக டப்பிங் கலைஞர். 1927 ஆகஸ்ட் 14 அன்று பாரிசில் பிறந்தார். இயற்பெயர் ரோஜே பான்ஷரெல். 2020 செப்டம்பர் 11 அன்று, தென்மேற்கு பிரான்சின் ஷராந்த் மாவட்டத்தில் எக்ர் என்ற சிற்றூரில் 93 வயதில் காலமானார். 1960களுக்குப் பிறகு பிரான்சில் வளர்ந்த பலருக்கு இந்தப் பெயர் உடனே நினைவுக்கு வராமல் போகலாம். குரலைக் கேட்டால் வந்துவிடும், ஏனென்றால் அவர்களுடைய குழந்தைப் பருவத்தில் பாதி அந்தக் குரலில்தான் பேசியது.

அவர் குரல் கொடுத்த முக்கியமான பாத்திரங்கள் எவை?

முழுப் பட்டியல் போட்டால் இந்தப் பக்கம் போதாது. ஆஸ்டெரிக்ஸ், ஸ்டார் வார்ஸ் படங்களின் தங்க ரோபோ சி-3பிஓ, பொம்மை நிகழ்ச்சியான மப்பட் ஷோவின் தவளை கெர்மிட், தொலைக்காட்சியில் வந்த வேற்றுக்கிரகவாசி ஆல்ஃப், டேவிட் சுஷே நடித்த துப்பறிவாளர் எர்கியூல் புவாரோ, ஆங்கிலேய நகைச்சுவை நடிகர் பென்னி ஹில் ஆகியவை மக்கள் முதலில் சொல்பவை. டிஸ்னி பக்கம் போனால் கரடி வின்னி, அதன் நண்பன் பிக்லெட், ஜங்கிள் புக்கின் மலைப்பாம்பு கா, ராபின் ஹுட் படத்தில் இளவரசரின் காலைச் சுற்றியே திரியும் பாம்பு, சுண்டெலித் துப்பறிவாளர் பேசில் என்று நீளும்.

அந்த இரண்டு பாம்புகளை மட்டும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். கா மயக்கும் பாம்பு. குரல் வழுக்கிக்கொண்டு மெதுவாக வரும், “என்னை நம்பு” என்று மௌக்ளியைத் தூங்க வைக்கும் பாட்டையும் காரெலே பாடியிருக்கிறார். ராபின் ஹுட்டின் பாம்போ எசமானரிடம் அடிவாங்கிக்கொண்டே இருக்கும் அரண்மனை ஊழியர். பதற்றமும் புண்பட்ட கௌரவமும் அந்தக் குரலில் கேட்கும். இரண்டிலும் “ஸ்” ஒலி சீறுகிறது. அதைத் தவிர இரண்டுக்கும் பொதுவாக எதுவும் இல்லை.

டிஸ்னியில் இத்தனை பாத்திரங்கள் ஒருவருக்கே எப்படிப் போயின?

இதற்குப் பின்னால் ஒரு சுவையான ஒற்றுமை இருக்கிறது. அமெரிக்காவில் ஸ்டெர்லிங் ஹாலோவே என்ற நடிகர் டிஸ்னிக்காகப் பல காலம் பேசினார். ஆலிஸ் படத்தின் செஷயர் பூனை, கா, அரிஸ்டோகாட்ஸ் படத்தின் எலி ரோக்ஃபோர், வின்னி என நான்கும் ஆங்கிலத்தில் அவர் குரலே. பிரெஞ்சில் இந்த நான்கும் காரெலிடம் வந்து சேர்ந்தன. ஆலிஸ் படத்துக்கு 1974இல் புதிதாக டப்பிங் செய்யப்பட்டபோது பூனையும் அவருக்கே கிடைத்தது.

ஆனால் ஹாலோவேயின் நான்கு பாத்திரங்களிலும் ஒரே மனிதரின் கீச்சுக் குரல் தெளிவாகக் கேட்கும். அது அவருடைய முத்திரை. காரெலின் நான்கையும் கேட்பவர் நான்கு நடிகர்கள் என்றே நினைப்பார்.

பிரான்சில் ஒரு நட்சத்திரத்துக்கு ஒரே குரல்தானாமே? இவர் எந்த நட்சத்திரத்தின் குரல்?

ஆமாம், அது அங்கே வேரூன்றிய வழக்கம். புரூஸ் வில்லிஸ் என்றால் பாத்ரிக் புவாவே, சில்வெஸ்டர் ஸ்டாலோன் என்றால் அலேன் தோர்வால், ஹாரிசன் ஃபோர்ட் என்றால் நீண்ட காலமாக ரிஷார் தார்புவா. குரல் மாறினால் ரசிகர்கள் கோபப்படுவார்கள்.

காரெலுக்கு இந்தச் சட்டகம் பொருந்தாது. சுஷே, பென்னி ஹில் போன்ற சிலரை விட்டால் அவர் எவருக்கும் நிரந்தர நிழலாக இருக்கவில்லை. பொம்மை, விலங்கு, ரோபோ, கார்ட்டூன் மனிதர் என்று, முகமே இல்லாதவர்களும் வரையப்பட்ட முகம் உள்ளவர்களும்தான் அவரிடம் வந்தார்கள். இதை இரண்டாம் தர வேலை என்று நினைப்பவர்கள் உண்டு. எனக்கு நேர்மாறாகத் தோன்றுகிறது. மனித முகத்துக்கு டப்பிங் பேசுகிறவருக்குக் கண்ணும் புருவமும் கூட நின்று உதவும். சி-3பிஓவின் உலோக முகம் அசையவே அசையாது. அதன் அச்சமும் அங்கலாய்ப்பும் பணிவும் பெரும்பாலும் குரலிலிருந்தே வந்தாக வேண்டும்.

பிரெஞ்சு ஸ்டார் வார்ஸில் அந்த ரோபோவின் பெயரே வேறாமே?

1977இல் வந்த முதல் படத்திலும் அடுத்த இரண்டிலும் அதன் பெயர் இசட்-6பிஓ. அதன் தோழன் ஆர்2-டி2வும் டி2-ஆர்2 என்று புரட்டப்பட்டது. டார்த் வேடர் டார்க் வாடோர் ஆனார், அந்தப் பெயர் இன்றும் அங்கே நிலைத்திருக்கிறது. 1999இல் தொடங்கிய முன்கதைப் படங்களில் ரோபோவுக்கு மூலப்பெயர் திரும்பியது. பெயர் மாறினாலும் குரல் மாறவில்லை. அந்த ஆறு படங்களிலும் காரெல்தான் பேசினார். 2015இல் அடுத்த தொகுதி வந்தபோது அவர் ஓய்வு பெற்றிருந்தார், ஜான்-குளோத் தோந்தா ஏற்றுக்கொண்டார். வின்னி கரடியும் பிற்பாடு தோந்தாவிடமே போனது.

ஆஸ்டெரிக்ஸ் என்றால் காரெல் என்று பிரெஞ்சுக்காரர்கள் சொல்வது ஏன்?

47 ஆண்டுகள், 9 கார்ட்டூன் படங்கள். முதல் படம் 1967, கடைசி 2014.

ரெனே கோசினி எழுதி அல்பெர் உதெர்ஸோ வரைந்த காமிக்ஸ் இது. கோசினியின் லக்கி லூக் கதைகளைத் தமிழில் படித்தவர்கள் நம்மிடையே நிறையப் பேர் இருக்கிறார்கள். ஆஸ்டெரிக்ஸ் அவருடைய மற்றொரு பெரும் படைப்பு. ரோமானியரிடம் சிக்காமல் எஞ்சியிருக்கும் ஒரு கோல் (பண்டைய பிரான்ஸ்) கிராமத்தின் குட்டி வீரனைப் பற்றியது. முதல் படத்தை பிரஸ்ஸல்ஸ் நகரத்து பெல்விஷன் நிறுவனம் எடுத்தது. கதையின் சொந்தக்காரர்கள் இருவருக்கும் படம் ஏறத்தாழ முடிந்த பிறகே விவரம் தெரியவந்தது. பார்த்தார்கள், மனம் நிறையவில்லை. ஆனாலும் வெளியிட ஒப்புக்கொண்டார்கள். அடுத்து எடுத்துக்கொண்டிருந்த படத்தைக் கைவிடச் செய்து, 1968இல் கிளியோபாட்ரா கதையைத் தாங்களே இயக்குநர்களாக நின்று எடுத்தார்கள். இவ்வளவு அதிருப்தியிலும் அவர்கள் மாற்றாமல் விட்டுவைத்தவற்றில் ஒன்று காரெலின் குரல்.

அவருக்கு ஜோடியாக, ஆஸ்டெரிக்ஸின் தோழன் ஒபெலிக்ஸுக்குப் பேசியவர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். முதலில் ழாக் மொரெல், 1985 முதல் பியேர் தோர்னாத், 2006இல் ழாக் ஃபிரான்ட்ஸ், 2014இல் கியோம் பிரியா. நான்கு ஒபெலிக்ஸுகளுக்கும் ஒரே ஆஸ்டெரிக்ஸ்.

அந்தக் குரலில் வீரத்தின் முழக்கம் கிடையாது, அதுதான் அதன் அழகு. சற்றே மூக்கோடு, கூர்மையாக, எப்போதும் ஒரு நொடி முந்திக்கொண்டு யோசிக்கிறவனின் வேகத்தோடு வரும். சண்டைக்குப் பலம் தரும் மாயப் பானம் இருக்கிறது, எனவே குரலில் பலம் தேவையில்லை, புத்தி தெரிந்தால் போதும் என்று அவர் முடிவு செய்ததுபோல் இருக்கும்.

2014இல் அலெக்சாந்த்ர் அஸ்தியேவும் லூயி கிளிஷியும் இயக்கிய “கடவுள்களின் குடியிருப்பு” படம் வெளிவந்தபோது காரெலுக்கு வயது 87. முழுப்படமும் முப்பரிமாணக் கணினி வரைகலை. உருவம் புதிது, பேச்சு பழையது. அவரது கடைசிப் பணி அது.

அவர் திரையில் நடிக்கவே இல்லையா?

நடித்தார். மேடையிலும் தொலைக்காட்சியிலும் சினிமாவிலும் பல ஆண்டுகள் தோன்றினார், பெரும்பாலும் நகைச்சுவைத் துணைப் பாத்திரங்களில். எளிதில் கிடைக்கக்கூடிய உதாரணம் 1983இல் ழான்-மரி புவாரே இயக்கிய “தாத்தா எதிர்ப்புப் போராட்டத்தில் இறங்குகிறார்” என்ற பொருள்படும் தலைப்புள்ள படம். ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தைக் கேலி செய்யும் அதில் காரெல் ஜெனரல் முல்லராக வருகிறார். அதே படத்தில் இளம் கிறிஸ்தியான் கிளாவியேவும் இருக்கிறார், எழுதியவர்களில் அவரும் ஒருவர். பின்னாளில் 1999, 2002 ஆண்டுகளில் உயிர்நடிகர்களோடு எடுத்த படங்களில் ஆஸ்டெரிக்ஸாக வேடம் கட்டியவர் அவர். 2018இல் காரெலுக்குப் பின் கார்ட்டூன் ஆஸ்டெரிக்ஸுக்குக் குரல் கொடுத்தவரும் அவரே.

திரைநடிகராகக் காரெல் பெரிய நட்சத்திரம் ஆகவில்லை என்பது உண்மை. அதை ஏதோ இழப்பு போலச் சிலர் எழுதுகிறார்கள். அவருடைய உடலும் முகமும் ஒருவருக்குரியவை, ஆகவே இயக்குநர்கள் ஒருவகை வேடங்களையே கொடுத்தார்கள். மைக்கின் முன் அந்தக் கட்டு இல்லை.

சாப்ளினுக்கும் குரல் கொடுத்தார் என்பது சரியா?

சரி. “தி கிரேட் டிக்டேட்டர்” 1940இல் அமெரிக்காவில் வெளியானது. போரின்போது பிரான்சு ஜெர்மானியர் கையில் இருந்ததால் பிரெஞ்சுக்காரர்கள் அதை 1945இல்தான் பார்க்க முடிந்தது. 1968இல் செய்த பிரெஞ்சு டப்பிங்கில் சாப்ளினுக்காகக் காரெல் பேசினார். ஒரே முகத்தில் இரண்டு ஆட்கள், கூச்சமுள்ள யூத முடிதிருத்துபவரும் வெறிபிடித்த சர்வாதிகாரியும். முடிவில் முடிதிருத்துபவர் மேடையேறி நிகழ்த்தும் நீண்ட உரை எந்தக் குரல் கலைஞருக்கும் கண்டம்தான். நகைச்சுவை எல்லாம் ஓய்ந்து, நடிகர் நேராகக் கேமராவைப் பார்த்துப் பேசுகிறார், ஒளிந்துகொள்ள இடமில்லை. காரெலைக் குழந்தைகளின் குரல் என்று மட்டும் நினைப்பவர்கள் இதைக் கேட்க வேண்டும்.

புவாரோ பிரெஞ்சு பேசும் பெல்ஜியக்காரர். எல்லோரும் பிரெஞ்சில் பேசும் டப்பிங்கில் அவர் எப்படித் தனித்துத் தெரிவார்?

நல்ல கேள்வி. ஆங்கிலத் தொடரில் சுஷேயின் புவாரோ பேச்சைத் திறந்த உடனே வெளியூர்க்காரர் என்று தெரியும். நடுநடுவே பிரெஞ்சுச் சொற்கள் விழும், ஆங்கிலேயர்கள் முகம் சுளிப்பார்கள். பிரெஞ்சு ஒலித்தடத்தில் இன்ஸ்பெக்டர் ஜாப்பும் கேப்டன் ஹேஸ்டிங்ஸும்கூடப் பிரெஞ்சுதான் பேசுகிறார்கள். அந்நியம் பாதி கரைந்துவிடுகிறது. காரெல் அதை வேறு வழியில் மீட்டார் என்பது என் காது சொல்வது. அவருடைய புவாரோ ஒவ்வொரு சொல்லையும் துடைத்து, மடித்து, அடுக்கி வைப்பதுபோல் பேசுகிறார். மற்றவர்கள் சாதாரணமாகப் பேசும்போது இந்த அதிசுத்தம் அவரைத் தனிமைப்படுத்துகிறது. 1989 முதல் 2013 வரை ஓடிய 70 கதைகளில் பெரும்பாலானவற்றில் இந்தக் குரலைக் கேட்கலாம்.

“ஒருகாலத்தில்” தொடரின் தாடித் தாத்தாவும் இவர்தானா?

ஆமாம். அல்பெர் பாரியே உருவாக்கிய அந்தக் கல்வி கார்ட்டூன் வரிசை 1978இல் மனித வரலாற்றோடு தொடங்கி, விண்வெளி, மனித உடல், கண்டுபிடிப்பாளர்கள் என்று 2000களின் இறுதிவரை தொடர்ந்தது. தரைவரை தாடி நீண்ட மாயெஸ்த்ரோ என்ற ஆசானுக்குக் காரெல் குரல் கொடுத்தார், கூடவே வேறு பல பாத்திரங்களுக்கும்.

பிரெஞ்சு டப்பிங் எப்படி நடக்கிறது?

இங்கே கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் காரெலின் திறமை எதற்குள் அடைபட்டு வேலை செய்தது என்பது இதில்தான் விளங்கும்.

பிரான்சில் தாளப்பட்டை என்ற முறை இருக்கிறது. திரையில் படம் ஓடும்போது அதன் அடியில் வசனம் எழுதிய ஒரு பட்டை வலமிருந்து இடமாக நகர்ந்துகொண்டே இருக்கும். ஓரிடத்தில் செங்குத்தாக ஒரு கோடு நிற்கும். சொல் அந்தக் கோட்டைத் தொடும் கணத்தில் நடிகர் அதைச் சொல்ல வேண்டும். எழுத்து நீட்டி எழுதப்பட்டிருந்தால் இழுத்துச் சொல்ல வேண்டும், நெருக்கி இருந்தால் விரைவாக. காரெலின் காலத்தில் இது ஒளி ஊடுருவும் உண்மையான படச்சுருள், கையால் எழுதப்பட்டது, படத்தைவிட எட்டு மடங்கு மெதுவாக நகர்ந்தது. இப்போது கணினியில் ஓடுகிறது.

பட்டை தயாராவதற்கு முன்பே இரண்டு மூன்று பேரின் உழைப்பு முடிந்திருக்கும். முதலில் ஒருவர் மூலப்படத்தைத் துண்டு துண்டாகப் பார்த்து உதடு எங்கே மூடுகிறது, எங்கே திறக்கிறது, எங்கே மூச்சு, எங்கே சிரிப்பு என்று குறிப்பார். “ப”, “ம” போன்ற உதடு ஒட்டும் ஒலிகள்தான் பெரிய தொல்லை, ஏனென்றால் பார்வையாளர் கண் அவற்றை உடனே கண்டுபிடித்துவிடும். பிறகு வசனகர்த்தா அந்தக் குறிகளுக்குள் அடங்கும்படி பிரெஞ்சு வசனம் எழுதுவார். பொருள் சரியாக இருந்தும் உதடு ஒட்டாத வரி குப்பைக்குப் போகும். அதை இன்னொருவர் பட்டையில் அழகாகப் படியெடுப்பார். நடிகர்கள் ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வந்து, இடுப்பு உயரத்தில் உள்ள ஒரு கம்பியின் முன் நின்றுகொண்டு பதிவு செய்வார்கள். முன்பு ஒரு காட்சியில் வரும் நான்கைந்து பேர் ஒரே மைக்கின் முன் சேர்ந்து நிற்பது வழக்கம். இப்போது தனித்தனியாக வருவது கூடிவிட்டது. பதிவை நடத்தும் இயக்குநர் நடிப்பைத் திருத்துவார்.

பெரும்பாலும் நடிகருக்கு முன்கூட்டியே படத்தைக் காட்டுவதில்லை. ஒரு துண்டு பார்க்கிறார், பட்டையைப் படிக்கிறார், பேசுகிறார், அடுத்த துண்டு. இந்த வேகத்தில் ஒரு பாத்திரத்தைப் பிடித்து உயிர் கொடுப்பது ஒத்திகை பார்த்து மேடையேறுவதைவிடச் சுலபம் என்று சொல்பவர் அந்தக் கம்பியின் முன் ஒரு மணி நேரம் நின்று பார்க்கலாம்.

காரெல் கூடத்தில் தனியாக இல்லை என்பதும் முக்கியம். நடிகை மிஷ்லின் தாக்ஸ் 1968இல் வந்த ஆஸ்டெரிக்ஸ் படத்தில் கிளியோபாட்ராவாகப் பேசினார். மப்பட் ஷோவில் அவரே மிஸ் பிக்கி ஆனார், எதிரே கெர்மிட்டாக காரெல். ஒருவர் பேச்சின் நேரக்கணக்கை மற்றவர் அறிந்தவர்கள். அந்தப் பன்றியும் தவளையும் பிரெஞ்சில் சண்டை போடுவதைக் கேட்டால் அது புரியும்.

பிரெஞ்சுக்காரர்கள் ஏன் சப்டைட்டிலோடு பார்ப்பதில்லை?

பார்க்கிறார்கள். பாரிசில் மூலமொழிக் காட்சிகள் தாராளம். சிறு நகரங்களிலும் குழந்தைகள் படங்களிலும் தொலைக்காட்சியிலும் டப்பிங் மேலோங்கி இருக்கிறது.

கனடாவில் ஏற்கெனவே பிரெஞ்சு டப்பிங் இருக்கும்போது அதையே போட்டுவிடலாமே?

திரையரங்கில் வெளியிட டப்பிங் பிரான்சிலேயே செய்யப்பட வேண்டும் என்று போருக்குப் பிந்தைய காலத்திலிருந்து விதி இருந்தது. பிறகு அது ஐரோப்பிய நாடுகளுக்கும் விரிந்தது. கனடாவின் பிரெஞ்சு பேசும் மாநிலமான கியூபெக்கின் கலைஞர்களுக்கு இது நெடுநாள் மனக்குறை, அது நியாயமானதும்கூட. ஆனால் பாரிஸ் கூடங்களில் ஒரு தலைமுறை நடிகர்களுக்குத் தொடர்ந்து வேலை இருந்ததற்கு இந்த வேலியும் ஒரு காரணம்.

சம்பளம் எப்படி?

ஒரு வரிக்கு இவ்வளவு என்று கணக்கு. வரி என்றால் 50 எழுத்துக்குறிகள். சட்டத்தின் கண்ணில் டப்பிங் செய்பவர் நடிகரே. எனவே மேடை, படப்பிடிப்பு, ஒலிப்பதிவுக் கூடம் எல்லாவற்றிலும் உழைத்த நேரம் ஒரே கணக்கில் சேரும். கலைத்துறையினருக்கான வேலையின்மை உதவித்தொகைக்கு ஆண்டுக்கு 507 மணி நேரம் தேவை. காரெலைப் போலக் காலையில் கூடம், இரவில் மேடை என்று ஓடியவர்கள் பலர் இருப்பதற்குப் பொருளாதாரமும் காரணம்.

பெரிய மோதல் 1994 அக்டோபரில் வெடித்தது. ஒரு தொடர் பத்து முறை மறுஒளிபரப்பானாலும் குரல் கொடுத்தவருக்கு முதல்நாள் கூலி மட்டுமே. ஆனால் 1985ஆம் ஆண்டுச் சட்டம் நடிப்புக் கலைஞர்களுக்கு மறுபயன்பாட்டில் உரிமை தந்திருந்தது. டப்பிங் கலைஞர்கள் கூடங்களைப் புறக்கணித்தார்கள். வேலைநிறுத்தம் ஏறத்தாழ மூன்று மாதம் நீடித்தது. முழுமையான ஒப்பந்தம் 2005இல்தான் நடைமுறைக்கு வந்தது.

செயற்கை நுண்ணறிவு காரெலைத் திரும்பக் கொண்டுவருமா?

தொழில்நுட்பம் முயலும் என்பதில் சந்தேகமில்லை. ஸ்டாலோனின் பிரெஞ்சுக் குரலான அலேன் தோர்வால் 2024 பிப்ரவரியில் இறந்தார். 2025 ஜனவரியில் ஒரு ஸ்டாலோன் படத்துக்கு அவர் குரலைக் கணினியில் மீண்டும் உருவாக்கியதாக அறிவிப்பு வந்தது. தான் ஒப்புக்கொண்டது ஒரு சோதனைக்கு மட்டுமே என்று அவருடைய மகளும் அரசியல்வாதியுமான ஒரோர் பெர்ஜே வெளிப்படையாகச் சொன்னார். அதற்கு முன்பே, 2024இல், “என் பிரெஞ்சுப் பதிப்பைத் தொடாதே” என்ற இயக்கத்தைக் குரல் கலைஞர்கள் தொடங்கியிருந்தார்கள்.

தோர்வாலுக்கு ஒரு நிறம் இருந்தது, அதைப் பிரதியெடுக்கலாம் என்று நினைப்பது புரிகிறது. காரெலிடம் எதைப் பிரதியெடுப்பது? காவையா, கெர்மிட்டையா, புவாரோவையா? ஒவ்வொன்றையும் படியெடுத்து அடுக்கிவிட்டாலும், அவர் இதுவரை செய்யாத அடுத்த பாத்திரம் அதில் இருக்காது.

இப்போது ஆஸ்டெரிக்ஸ் யார்?

2018இல் கிளாவியே. 2025இல் நெட்ஃபிளிக்ஸில் வந்த தொடரில், அதை உருவாக்கிய அலேன் ஷாபா தாமே குரல் கொடுத்தார். இருவரும் நல்ல நடிகர்கள். இருவரையும் கேட்கும்போது கிளாவியே என்றும் ஷாபா என்றும்தான் எனக்குக் கேட்கிறது.

பிரெஞ்சு அதிகம் தெரியாது. எங்கே தொடங்குவது?

ஜங்கிள் புக்கில் கா வரும் காட்சிகளில் தொடங்குங்கள். கதை தெரிந்ததால் மொழி தடையாகாது. இரண்டு பிரெஞ்சு ஒலித்தடங்கள் இருந்தால் கனடாவுக்கானதை விட்டுவிடுங்கள். அடுத்து, 1976இல் வந்த ஆஸ்டெரிக்ஸின் பன்னிரண்டு சோதனைகள். அதில் ஓர் அனுமதிச் சீட்டு வாங்குவதற்காக ஆஸ்டெரிக்ஸும் ஒபெலிக்ஸும் ஓர் அரசு அலுவலகத்தின் மாடி மாடியாக அலைக்கழிக்கப்படும் பகுதி இருக்கிறது. ஆஸ்டெரிக்ஸின் பொறுமை எந்த மாடியில் உடைகிறது என்று படத்தைப் பார்க்காமல் குரலை மட்டும் வைத்துக் கண்டுபிடிக்க முயலுங்கள். மொழி கற்பவர்களுக்குப் புவாரோ தொடர் ஏற்றது, ஏனென்றால் காரெல் அதில் மிகத் தெளிவாகப் பேசுகிறார். பென்னி ஹில்லைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளலாம். அந்த நகைச்சுவைக்கு வயதாகிவிட்டது.